அது வீணை அல்ல, யாழ்

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு இணைப்பில் ஜப்பானியத் திரையிசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். 1954ல் வந்த காட்ஸில்லா படத்து ராட்சத மிருகத்தின் உறுமலுக்காக, டபுள் பேஸ் என்கிற பெரிய தந்தி வாத்தியத்தின் தந்தியைத் தளர்த்திவிட்டுப் பிசின் தடவிய தோல் கையுறையால் தேய்த்த கதையை ரசித்து எழுதியிருந்தீர்கள். அந்தப் பத்தியை மட்டும் என் பேரன் இரண்டு முறை வாசிக்கச் சொன்னான். ஆனால் எங்கள் பர்மா நாட்டில் நடக்கும் கதைக்கு அவர் 1956ல் இசையமைத்தாரே, கான் இச்சிகாவா எடுத்த படம், அதை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். அந்த ஒரு வரியிலும் படத்தின் பெயர் ‘பர்மிய வீணை’ என்று இருக்கிறது.

வீணை இல்லை ஐயா, யாழ். மௌல்மீனில் முப்பது வருஷம் மரவாடியில் கணக்கு எழுதியவன் நான். சௌங் என்கிற இந்த ஊர் யாழைச் செய்கிற பர்மியப் பெரியவர் ஒருவர் எங்கள் வாடிக்கு வருவார். உடலுக்குப் பிடௌ மரம், கழுத்துக்குத் தானாகவே வளைந்து வளர்ந்த ஷா மரத்து வேர், மேலே போர்த்த மான்தோல். விரல் முட்டியால் தட்டி, காது வைத்துக் கேட்டுவிட்டுத்தான் கட்டையை எடுப்பார். விலை பேசுவதெல்லாம் அப்புறம். வீணை போல மெட்டுகள் கிடையாது, ஒவ்வொரு சுரத்துக்கும் தனித் தந்தி. நம் பழம்பாடல்களோடு நின்றுபோன வில்யாழ் இங்கே இன்னும் பெண்பிள்ளைகள் மடியில் இருக்கிறது.

இஃபுகுபேவும் ஒருவகையில் மரக்காரர்தான். ஹொக்கைடோவில் வனவியல் படித்து, காட்டிலாகா வேலையில் இருந்தபடியே எழுதிய இசைக்கு 1935ல் பரிசு வாங்கினார். போர்க்காலத்தில் தற்காப்பு இல்லாமல் எக்ஸ்ரே வைத்து மரத்தை ஆராய்ந்ததில் உடம்பு கெட்டுப் படுத்துவிட்டார். பிழைத்தெழுந்து 1947ல் முதல் படம். கதிர்வீச்சில் அடிபட்ட மனிதர், அணுகுண்டு கிளப்பிவிட்ட மிருகத்துக்கு இசையமைத்திருக்கிறார். கட்டுரையில் இதுவல்லவா முதலில் வந்திருக்க வேண்டும்?

அந்த யாழ் படத்தில் குறை இல்லாமல் இல்லை. புத்த பிக்குவைப் போலக் காவியுடுத்த ஜப்பானியச் சிப்பாய் யாழ் மீட்டுவதைப் பார்த்து என் பர்மிய நண்பர் சிரித்தே விட்டார். இங்கே எந்தப் பொங்ஜியும், அதாவது புத்த பிக்குவும், வாத்தியத்தைத் தொடமாட்டார். சரி, அது கதை எழுதியவர் தப்பு, இசையமைப்பாளரைச் சொல்லிக் குற்றமில்லை. அதே சிப்பாய், சிதறிக் கிடக்கும் பிணங்களைப் புதைக்க வேண்டும் என்று ஊர் திரும்பாமல் நின்றுவிடும் இடத்தில் நண்பரும் அடங்கிப்போனார்.

எனக்கு அப்போது தன்பியூசயா ஞாபகம் வந்தது. எங்களுக்கு நாற்பது மைல்தான். போரில் ஜப்பானியர் போட்ட சயாம் ரயில் பாதையில் மாண்ட வெள்ளைக்காரச் சிப்பாய்களுக்கு அங்கே வரிசை வரிசையாகக் கல்லறை. அதே பாதை வேலையில் உயிர்போன மலாயாத் தோட்டத்துத் தமிழர்களுக்கு அந்த வரிசைகளில் ஒரு கல் இல்லை.

அடுத்த ஞாயிறு ‘வீணை’யை ‘யாழ்’ என்று திருத்திப் போடுங்கள். பேரன் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மரவாடிக் கணக்கர்,
மௌல்மீன், பர்மா