சிரசுக்கு வராத தம்பிக்கு

குடியாத்தம்

சிரஞ்சீவி தம்பிக்கு அப்பாவின் ஆசீர்வாதம்.

வைகாசி முதல் தேதி கங்கையம்மன் சிரசுத் திருவிழாவுக்கு நீயும் மருமகளும் வராததை இங்கே யாரும் குறையாகப் பேசவில்லை. சித்தப்பா மட்டும் கேட்டார். படவேலை என்று சொன்னேன். எடிட்டிங்கை விட்டுவிட்டு நீ தயாரிப்பாளர்களுக்குக் கதை சொல்லி வருவது அவருக்கு முன்பே தெரியும் என்பது அவர் சிரித்த சிரிப்பிலேயே தெரிந்தது. எனக்கு அதை நீயே சொல்லியிருக்கலாம்.

நீ இயக்குநராவதை நான் தடுக்கவில்லை. இயக்குநர் பீம்சிங், இரட்டை இயக்குநர்கள் கிருஷ்ணன்-பஞ்சுவிடம் துணை எடிட்டராக இருந்து வந்தவர்தான், எஸ்.பி. முத்துராமன் ஏவி.எம். எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர்தான், பீம்சிங்கின் மகன் லெனின் எடிட்டராக இருந்தே இயக்கத்துக்கும் தேசிய விருது வாங்கினார் என்று உன் அம்மாவிடம் நானே எடுத்துச் சொன்னேன். இயக்குநர்கள் ஆசை ஆசையாக எடுத்து வந்த காட்சிகளில் எது நிற்கும், எது நிற்காது என்று இத்தனை வருடம் பார்த்தவனுக்கு அந்தப் படிப்பு வீண்போகாது. ஆனால் எடிட்டிங்கில் ஒரு வெட்டு சரியில்லை என்றால் மறுபடி ஒட்டிப் பார்க்கலாம். படப்பிடிப்பில் எடுக்காமல் விட்ட ஷாட்டை எங்கே போய்த் தேடுவாய்? வெளிச்சம் போவதற்குள் அத்தனை பேரையும் அதட்டி வேலை வாங்க வேண்டும். நீயோ பந்தியில் இன்னொரு கரண்டி சாம்பார் கேட்கவே கூச்சப்படுகிற பிள்ளை.

ஒப்பந்தம் கையெழுத்தாகி அட்வான்ஸ் வரும்வரை ஒரு படத்தின் எடிட்டிங்கையாவது கையில் வைத்துக்கொள்.

போன வாரம் வீடியோவில் பேசியபோது மருமகள் கழுத்தில் மஞ்சள் கயிறு மட்டும் இருந்ததாக உன் அம்மா சொல்கிறாள். வெயிலுக்குச் செயின் உறுத்தும் என்று சொல்லி வைத்தேன். அவள் பதில் பேசவில்லை. தனியார் அடகுக் கடைகளைவிடக் கூட்டுறவு வங்கியில் நகைக்கடனுக்கு வட்டி குறைவு. இதைப் பொதுவாகத்தான் சொல்கிறேன். என் பென்ஷனில் மாதாமாதம் மிச்சமாகிற பணம் சும்மாதான் கிடக்கிறது, அதையும் பொதுவாகத்தான் சொல்கிறேன்.

திரும்பவும் சொல்கிறேன் என்று சலித்துக்கொள்ளாதே, அட்வான்ஸ் வரும்வரை கையில் ஒரு படம் இருக்கட்டும். உன் கதை என்னவென்று எனக்கு எழுதினால் படிப்பேன். தமிழ் வாத்தியாருக்குத் திரைக்கதை புரியாது என்று நினைக்காதே.

மருமகளை அம்மாவிடம் ஒருமுறை பேசச் சொல். வீடியோ வேண்டாம், சாதாரணமாகப் போனில் பேசினால் போதும்.

இப்படிக்கு,
அப்பா