மொரீஷியஸ் போர்ட் லூயில புதையல் தேடின வருஷம்: தமிழ்ச் சங்கச் செயலாளர் ஆண்டறிக்கை

தலைவர் ஐயாவுக்கும் கமிட்டி அண்ணன்மாருக்கும் அக்காமாருக்கும், பின்னாடி வரிசைல உக்காந்திருக்க பிள்ளைங்களுக்கும் வணக்கம். நான் செயலாளரா வாசிக்கிற ரெண்டாவது அறிக்கை இது. வழக்கமா நடக்கிறதை முதல்ல சுருக்கமா சொல்லிடுறேன், மிச்ச நேரம் முழுக்க இந்த வருஷம் புதுசா செஞ்ச ஒண்ணைப் பத்தித்தான், ஏன்னா கடைசில உங்ககிட்ட ஒரு அனுமதி கேக்கப் போறேன்.

கமிட்டி மாசா மாசம் கூடுச்சு, புயல் எச்சரிக்கை வந்த ஒரு மாசம் மட்டும் வாட்ஸ்அப்லயே பேசி முடிச்சோம். பொங்கல், தைப்பூசக் காவடிக்கு மோர்ப் பந்தல், சித்திரை வருஷப் பிறப்பு, புரட்டாசில கோவிந்தன் சாப்பாடு எல்லாம் குறையில்லாம நடந்துச்சு. சனிக்கிழமை தமிழ் வகுப்பு தொடருது. சங்கத்து மூத்தவங்க ரெண்டு பேர் இந்த வருஷம் காலமாயிட்டாங்க, அந்தக் குடும்பங்களுக்கு நம்ம ஆறுதல்.

இனி புதையல் வேட்டை. இது எங்கேர்ந்து ஆரம்பிச்சதுன்னா வகுப்பு டீச்சர் அக்கா போன வருஷக் கடைசில சொன்ன ஒரு வார்த்தைலேர்ந்து. பிள்ளைங்க புத்தகத்துல இருக்க தமிழை நல்லா வாசிக்கிறாங்க, ஆனா வகுப்பு வாசலைத் தாண்டினா அந்தத் தமிழுக்கு ஒரு வேலையும் இல்லை, கடைக்குப் போனா ஊர் பேசற கிரியோல், ஸ்கூலுக்குப் போனா இங்கிலீஷும் பிரெஞ்சும், தமிழ்னா கோயில்ல மட்டும் கேக்கிற சத்தம்னு நினைக்கிறாங்கன்னு அவங்க சொன்னப்போ எனக்கு மனசுல தைச்சிடுச்சு. நான் காரைக்கால்லேர்ந்து இந்த ஊருக்கு மருமகளா வந்தவ. எனக்கு இங்க தெருத் தெருவா தமிழ் தெரியுது, இங்கயே பிறந்த பிள்ளைக்கு ஏன் தெரியலைன்னு யோசிச்சுக்கிட்டே இருந்தேன்.

அப்போதான் நம்ம இளைஞர் அணித் தம்பி ஒருத்தர் வெளிநாடு போயிட்டு வந்து, அங்க ஃபோன்ல ஒரு ஆப் போட்டுக்கிட்டு ஊர் சுத்தினதைச் சொன்னார். கைடு கிடையாது, பஸ் கிடையாது, நேரக் கணக்கு கிடையாது. ஒரு தீம் எடுத்துக்கிறோம், சரித்திரம், பேய்க்கதை, சாப்பாடு இப்படி ஏதோ ஒண்ணு, ஆப் முதல் இடத்தைக் காட்டும், அங்க போய் நின்னா ஜிபிஎஸ் நம்மளைக் கண்டுபிடிச்சு க்ளூவைத் திறந்து விடும், அங்க இருக்க கல்வெட்டையோ சிலையையோ பாத்து பதில் போட்டா அடுத்த இடம் தெரியும். கால் வலிச்சா உக்காந்துட்டு அப்புறம் தொடரலாம். இதோட பூர்வீகத்தையும் அவரே சொன்னார். ஜிபிஎஸ் சிக்னல்ல வேணும்னே சேத்து வச்சிருந்த குழப்பத்தை அமெரிக்க அரசாங்கம் 2000 மே 2ந் தேதி எடுத்துடுச்சாம், அதுவரைக்கும் சாதாரண ஆளுக்கு 100 மீட்டர் வரை தப்பாக் காட்டினது சட்டுன்னு துல்லியமாச்சு, அடுத்த நாளே ஓரிகன்ல ஒருத்தர் காட்டுக்குள்ள ஒரு பக்கெட்டை ஒளிச்சு வச்சுட்டு இடத்தோட எண்களை மட்டும் இன்டர்நெட்ல போட்டார், அதுலேர்ந்துதான் ஜியோகேச்சிங் பிறந்து உலகம் பூரா பரவுச்சு. நமக்கு இதெல்லாம் ரொம்பப் புதுசு இல்லை, விடுகதை போட்டு வழி சொல்றது நம்ம பாட்டிமார் செஞ்ச வேலைதான்.

முதல்ல ரெடியா விக்கிற ஒரு விளையாட்டை வாங்கி கமிட்டி ஆளுங்க ஆறு பேர் நடந்து பாத்தோம். உள்ளதை உள்ளபடி சொல்றேன், எனக்குப் பிடிக்கலை. ஒரு இடத்துல பலகைல இருக்க வருஷத்தை எழுதச் சொல்லுது, பலகையே அங்க இல்லை, எப்பவோ கழட்டிட்டாங்க, பதில் போடாம ஆப் நகரவும் மாட்டேங்குது. இன்னொண்ணு பயமே ஆயிடுச்சு. அம்புக்குறி நேர்கோட்டுல காட்டும், நடுவுல என்ன இருக்குன்னு அதுக்குத் தெரியாது, நம்ம ஊர்ல துறைமுகத்துக்கும் கடைத்தெருவுக்கும் நடுவுல மோட்டார்வே ஓடுது இல்லையா, அம்பு நேரா அதுக்குக் குறுக்க காட்டுது. சின்னப் பிள்ளைங்க கையில அதைக் குடுத்திருந்தா என்ன ஆகியிருக்கும். எல்லாத்துக்கும் மேல, கடல்கொள்ளைக்காரன் வந்தான், டோடோ பறவை வந்துச்சு, தபால்தலை வந்துச்சு, நம்ம ஜனம் ஒரு இடத்துலகூட வரலை. அன்னைக்கு சாயங்காலமே நாமளே செஞ்சுக்கலாம்னு முடிவு பண்ணிட்டோம்.

கேள்வியை நாமளே எழுதிப் போட்டுக்கிற ஆப்களும் இருக்கு, ஜெர்மனிக்காரங்களோட ஆக்சன்பவுண்ட் மாதிரி, டீச்சருங்க நிறைய பயன்படுத்துறாங்க. இடம், க்ளூ, போட்டோ, ஒலிப்பதிவு எல்லாத்தையும் கம்ப்யூட்டர்ல உக்காந்து கோத்துடலாம். கோக்கிறது சுலபம், க்ளூ எழுதுறதுதான் வேலை. முதல் தடவை நம்ம புலவர் ஐயா அருமையான செய்யுளா எழுதிக் குடுத்தார், பிள்ளைங்களுக்கு ஒரு வரி புரியலை, ஐயாவே பெரிய மனசோட அதை வாங்கி வச்சுக்கிட்டு பேச்சுத் தமிழ்ல விடுகதையா மாத்திக் குடுத்தார், அவருக்கு இந்த சபைல என் நன்றி. தமிழ் வாசிக்க வராதவங்களுக்காக ஒவ்வொரு க்ளூவையும் டீச்சர் அக்கா குரல்ல பதிவும் பண்ணினோம்.

ஜனவரிலேர்ந்து மார்ச் வரை வேண்டாம்னு நான் உறுதியா இருந்தேன். 2024 ஜனவரி 15ந் தேதி பெலால் புயல்ல போர்ட் லூயி தெருவுல கார்லாம் தண்ணில அடிச்சுக்கிட்டுப் போனதை யாரும் மறக்கலை, காவடி விரதமும் அந்த நேரம்தான். அதனால ஆகஸ்ட்ல, வெயில் தணிஞ்ச ஒரு சனிக்கிழமை காலைல வச்சோம், ஞாயித்துக்கிழமைன்னா பாதி ஊர் பூட்டிக் கிடக்கும். எட்டு குழு. குழுவுக்கு ஒரு ஃபோன்தான், அதை வச்சிருக்கறது வயசுல மூத்தவர், க்ளூவை வாசிக்கறது வயசுல சின்னவர். இந்த ஒரு விதியை நான் யார் கேட்டாலும் விடமாட்டேன், ஏன்னா தாத்தா பேரன்கிட்ட கேட்டுத்தான் நடக்கணும், பேரன் தாத்தாகிட்ட கேட்டுத்தான் பதில் போடணும்.

கம்பெனித் தோட்டத்து ஆலமர நிழல்ல ஆரம்பிச்சு, பேங்க் ஆஃப் மொரீஷியஸ் கோபுரத்துக்குக் கீழ ரெண்டாவது க்ளூ. 'தினம் கையில பிடிக்கிற, ஒருநாளும் முகம் பாக்கலை. பையிலேர்ந்து எடு, ரெண்டாவது வரியை வாசி.' பதில் 100 ரூபா நோட்டு. அதுல இருக்க முகம் ரெங்கநாதன் சீனிவாசன், வக்கீல், சுதந்திரத்துக்கு முன்னாடி இருந்த அரசியல் தலைவர். இங்கிலீஷுக்கு அடுத்த வரி தமிழ், அதுக்கு அப்புறம்தான் இந்தி. 1998ல வந்த நோட்டுல இந்த வரிசை மாறிப் போய், நம்ம ஜனம் எதிர்த்து நின்னு, அந்த நோட்டையே திரும்ப வாங்கிக்கிட்டு மறுபடி பழைய வரிசைல அடிச்சாங்க. இங்க பிறந்து வளந்த பெரியவங்க பல பேர் அந்த நாளைக் கண்ணால பாத்தவங்க, அவங்க பேரப் பிள்ளைங்களுக்கு நோட்டைக் கையில வச்சுக்கிட்டே அந்தக் கதையைச் சொல்லிட்டு இருந்ததுல அந்த ஒரு இடத்துலயே அரை மணி நேரம் போயிடுச்சு.

அடுத்து பிளாஸ் தார்ம் சதுக்கம். 1735ல கவர்னரா வந்த லபூர்தொனே சிலை எந்தப் பக்கம் பாக்குதுன்னு கேள்வி, துறைமுகத்தைன்னு பதில் போட்டதும் திரையில வரும், இந்த ஊரை எழுப்பின கொத்தனார், தச்சர், கொல்லர்ல பாண்டிச்சேரிப் பக்கத்துலேர்ந்து வந்த நம்மாளுங்க நிறைய பேர்னு. கரும்புத் தோட்டத்துக்கு ஆள் வந்தது 1834ல, அட்லஸ் கப்பல்ல 36 பேர், அதுக்கு நூறு வருஷம் முன்னாடியே நம்ம கை இங்க கல்லுல பட்டிருக்கு. கிழக்கு ஓரத்துல அவங்க குடியிருந்த பகுதிக்கு மலபார் காம்ப்னே பேர். பிளாஸ் தார்ம்லேர்ந்து அடுத்த இடத்துக்கு சுரங்கப் பாதை வழியா மட்டும் போகணும்னு க்ளூலயே எழுதி, சுரங்கப் பாதை வாசல்ல நம்ம தொண்டர் ஒருத்தரை நிக்கவும் வச்சோம்.

அப்ரவாசி காட்ல ஒரு முடிவு எடுத்தோம், அதை சபைல சொல்லணும். அங்க மார்க் கிடையாது, நேரக் கணக்கும் கிடையாது. 1849ல அங்க கட்ட ஆரம்பிச்ச குடியேற்ற நிலையம், 2006ல யுனெஸ்கோ பட்டியல்ல சேர்ந்துச்சு, 1834லேர்ந்து 1920 வரைக்கும் கிட்டத்தட்ட 5 லட்சம் பேர் ஒப்பந்தக் கூலியா இந்தத் தீவுக்கு வந்திருக்காங்க. அவங்க ஏறி வந்த கல் படில பிள்ளைங்க ஜெயிக்கறதுக்காக ஓடுறது எனக்கு ஒப்பலை, கமிட்டியும் ஒத்துக்கிச்சு. க்ளூ ஒரே வரிதான், 'பெரியவங்க ஆசீர்வாதம் பண்ணும்போது ஒரு எண் சொல்வாங்க, அது இங்க கல்லாக் கிடக்கு, எண்ணிப் பாரு.' பதினாறும் பெத்து பெருவாழ்வு வாழணும்னு சொல்றோமே, அந்தப் பதினாறு படி. ஒரு பாட்டி படி ஓரமா செருப்பைக் கழட்டிட்டு நின்னாங்க, யாரும் சொல்லலை, அவங்க பேத்தியும் பாத்துட்டு கழட்டிட்டா. அன்னைக்கு அப்புறம் நம்ம உறுப்பினர் குடும்பங்கள் மூணு, மோகாவுல மகாத்மா காந்தி இன்ஸ்டிட்யூட்ல இருக்க பழைய குடியேற்றப் பதிவேட்டுல தங்க பூட்டன் பேரைத் தேடப் போயிருக்காங்க.

அதுக்கு அடுத்தது சென்ட்ரல் மார்க்கெட். விக்டோரியா ராணி பேரோட முதல் எழுத்து இருக்க இரும்பு கேட்ல ஆரம்பிச்சு, காய்கறிப் பக்கம் போகணும். 'வாங்கறவங்க கிரியோல்னு நினைக்கிறாங்க, விக்கிறவங்களும் அப்படித்தான் நினைக்கிறாங்க, ஆனா கூப்பிட்டா தமிழ்ல திரும்பிப் பாக்கும். மூணு பெயரைக் கண்டுபிடி.' நான் ஒரு குழுவோட பின்னாடியே போய்க்கிட்டு இருந்தேன். பதினோரு வயசுப் பொண்ணு, வகுப்புல வாயே திறக்காதவ, ஒரு கீரைக் கடை முன்னாடி நின்னா. கடைக்காரத் தோன்தோன் (கிரியோல்ல மாமான்னு அர்த்தம்) தண்ணியைத் தெளிச்சுக்கிட்டே 'கொத்தொமிலி, கொத்தொமிலி'ன்னு கூவிட்டு இருந்தார். அவ ஒரு கட்டைக் கையில எடுத்தா, மண்ணு ஒட்டின வேரோட, மூக்குகிட்ட வச்சா, அப்படியே என்னைத் திரும்பிப் பாத்து மெதுவா 'கொத்தமல்லி'ன்னா. அப்புறம் நிறுத்தவே முடியலை, கரிப்புலேன்னா கறிவேப்பிலையா அத்தை, பிப்பங்காய்னா பீர்க்கங்காயா, மூரும்னா முருங்கையா, அப்போ எங்க வீட்டு ரசோன் ரசமான்னு ஒவ்வொண்ணா எடுத்துக் கேக்கறா. தோன்தோனும் கூவுறதை நிறுத்திட்டு கேட்டுட்டு நின்னார், அவர் அம்மா பேர் மீனாட்சின்னு சொன்னார். அந்தக் கட்டுக்குக் காசு வாங்கலை. இந்த வருஷம் முழுக்க சங்கத்துல நடந்ததுல எனக்கு மனசு நிறைஞ்சது அந்த இடத்துலதான்.

வழில கடைப் பலகைலயும் போஸ்டர்லயும் பிரெஞ்சு எழுத்துக்குள்ள ஒளிஞ்சிருக்க தமிழ்ப் பேரைப் பிடிச்சுட்டு வரணும்னு ஒரு கிளைக் கேள்வியும் வச்சிருந்தோம். ஆர்மூகம்னா ஆறுமுகம், முத்துசாமி, வீரப்பன், இப்படி பிள்ளைங்க தங்க சொந்தக் குடும்பப் பேரையே முதல் தடவையா பிரிச்சுப் படிச்சாங்க. முடிவிடம் ஷான் தெ மார்ஸ், 1812லேர்ந்து குதிரை ஓடுற மைதானம், 1968 மார்ச் 12ந் தேதி நம்ம நாட்டுக் கொடி ஏறின இடமும் அதுதான். அங்கேர்ந்து பக்கத்துல ஒரு உறுப்பினர் வீட்டுல வாழை இலை போட்டு ஏழு கறி சாப்பாடு.

குறைகளையும் சொல்லணும். உயரக் கட்டிடங்களுக்கு நடுவுல சிக்னல் சுவத்துல பட்டுத் திரும்பி வரதால ஜிபிஎஸ் தடுமாறுது, நாங்க 10 மீட்டர் வட்டம் வச்சிருந்தோம், ரெண்டு குழு சரியான இடத்துல நின்னும் க்ளூ திறக்காம தவிச்சாங்க, அடுத்த தடவை 30 மீட்டராவது வைக்கணும். பேட்டரி தீந்து போச்சு ஒரு குழுவுக்கு, பவர் பேங்க் கட்டாயம். முட்டிவலி உள்ள பெரியவங்களுக்கு ஷான் தெ மார்ஸ் ஏத்தம் அதிகம், அவங்களுக்கு மார்க்கெட்டோட முடியற குட்டை வழி ஒண்ணு போடணும். முன்னாடியே ஒருத்தர் போய் எல்லாப் பலகையும் இருக்கான்னு பாத்துட்டு வரது முந்தின நாளே நடக்கணும், நாங்க ஒரு வாரம் முன்னாடி பாத்தோம், அது போதாது.

கணக்கைப் பொருளாளர் அக்கா தனியா வாசிப்பாங்க, தணிக்கை முடிஞ்சிருக்கு. வேட்டைக்கு ஆன செலவு சாப்பாடும் அச்சடிச்ச காகிதமும்தான், அதுவும் பெரும்பாலும் நன்கொடை.

நான் கேக்கற அனுமதி இதுதான். இந்த வேட்டையை ஒருநாள் நிகழ்ச்சியா விடாம, எந்தக் குடும்பமும் எந்த சனிக்கிழமையும் தானே போய் விளையாடற மாதிரி வருஷம் பூரா திறந்து வைக்கணும், அதுக்கு ஆப் உரிமக் கட்டணத்தை சங்கம் ஏத்துக்கணும், மாசத்துக்கு ஒருதடவை வழியை நடந்து பாக்க ரெண்டு பேரை நியமிக்கணும். ரெண்டாவது வழி ஒண்ணு கைலாசம் கோயில் பக்கமா யோசிச்சு வச்சிருக்கோம், கோயில் நிர்வாகத்துக்கிட்ட கேட்டுட்டு, உள்ள ஓட்டம் சாட்டம் இல்லாத மாதிரிதான் செய்வோம். மலபார் காம்ப் காலத்துப் பழைய போட்டோ, கல்யாணப் பத்திரிகை, கடை ரசீது எது வீட்டுல இருந்தாலும் அடுத்த கூட்டத்துக்குக் கொண்டு வாங்க, ஸ்கேன் பண்ணிட்டு அன்னைக்கே கையில திருப்பிக் குடுத்துடுவோம். அந்தக் கீரைக் கடைத் தோன்தோன்கிட்டயும் கேட்டிருக்கேன், அவர் அம்மா போட்டோ ஒண்ணு தரேன்னு சொல்லியிருக்கார்.

இந்த அறிக்கையை சபை ஏத்துக்கணும்னு கேட்டுக்கறேன்.

செயலாளர்