திரையில் வராத பாடகியும் சயாமுக்குப் போனவர்களின் பாட்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஆர்தர் கிராப்ட்ரீ இயக்கி 1950-இல் வெளிவந்த ‘லில்லி மார்லீன்’ என்னும் பிரிட்டிஷ் போர்க்காலப் படத்தை எங்கள் ஊர் வாசகர் வட்டம் அண்மையில் திரையிட்டது. பார்த்த இளைஞர்களில் பலர் அதை நடந்த வரலாறாகவே எடுத்துக்கொண்டதால் இக்கடிதத்தை எழுதுகிறேன்.

படத்தின் நாயகி ஒரு பிரெஞ்சுப் பெண். லிசா டேனியலி நடித்த அப்பாத்திரத்தைப் பிரிட்டிஷாரும் ஜெர்மானியரும் தத்தம் பிரச்சாரத்துக்காக மாறிமாறி இழுக்கிறார்கள். கதையில் விறுவிறுப்புக்குக் குறைவில்லை. ஆனால், படத்துக்குப் பெயர் தந்த ‘லில்லி மார்லீன்’ என்னும் ஜெர்மானியப் பாடலைப் பாடிப் பரப்பியவர் ஜெர்மனியில் பிறந்த லாலே ஆண்டர்சன். ஹான்ஸ் லைப் முதல் உலகப்போரின்போது, 1915-இல், எழுதிய கவிதைக்கு நோர்பர்ட் ஷுல்ட்ஸ மெட்டமைத்தார். ஆண்டர்சன் அதை 1939-இல் இசைத்தட்டில் பாடினார். தட்டு அவ்வளவாக விற்கவில்லை. 1941-இல் ஜெர்மானியர் வசமிருந்த பெல்கிரேட் வானொலி, கைவசம் இருந்த சில தட்டுகளுள் ஒன்றாக அதை ஒலிபரப்பிய பிறகுதான் நிலைமை மாறியது. முகாம் வாசலில் விளக்கடியில் காதலியைப் பிரிந்து செல்லும் சிப்பாயின் அந்தப் பாட்டு இரவு பத்து மணிக்குச் சற்று முன்னால் வரும்; அதை வட ஆப்பிரிக்கப் பாலைவனத்தில் ஜெர்மானியர் மட்டுமன்றி, எதிரே நின்ற பிரிட்டனின் எட்டாவது படையினரும் காத்திருந்து கேட்டார்கள். அப்படையில் இந்தியப் பிரிவுகளும் இருந்தன.

ஹிட்லரின் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸுக்கு அந்தப் பாட்டு பிடிக்கவில்லை. சுவிட்சர்லாந்திலிருந்த யூத நண்பர்களோடு ஆண்டர்சன் தொடர்பு வைத்திருந்தது தெரியவந்ததும், 1942-இல் அவர் பாடத் தடை விதிக்கப்பட்டது. மனமுடைந்து உயிரை மாய்த்துக்கொள்ளவும் முயன்றார். பிறகு தடையைத் தளர்த்தியபோதும், இந்தப் பாட்டை மட்டும் பாடக்கூடாது என்று நிபந்தனை போட்டார்கள். எழுதப்பட்ட எந்தக் கற்பனையையும் விட அழுத்தமான இந்த வாழ்க்கையை விட்டுவிட்டுத்தான் படம் ஒரு பிரெஞ்சுப் பெண்ணை உருவாக்கிக்கொண்டது. போர் முடிந்து ஐந்தே ஆண்டுகளில் எதிரி நாட்டுப் பெண்ணுக்காகக் கண்ணீர் விட லண்டன் ரசிகர்கள் தயாராக இருந்திருக்க மாட்டார்கள் என்பது என் ஊகம். காரணம் எதுவாயினும், பாடியவரின் இடத்தில் வேறொருத்தி நிற்கிறாள்.

மலேசியத் தோட்டப்புறத்தில் வாழும் நாம் இதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள முடியாது. 1942-43-இல் ஜப்பானியர் போட்ட, சயாமையும் (இன்றைய தாய்லாந்து) பர்மாவையும் இணைக்கும், ஏறத்தாழ 415 கிலோமீட்டர் நீளமுள்ள சயாம் மரண ரயில் பாதைக்கு மலாயாவிலிருந்து 70,000-க்கும் மேற்பட்டோர் கொண்டுசெல்லப்பட்டனர். அவர்களில் மிகப் பெரும்பாலோர் நம் தோட்டத் தமிழர். ஆனால் அப்பாதையை உலகெங்கும் அறியச்செய்த ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ என்னும் 1957-ஆம் ஆண்டுப் படத்தில், இலங்கைக் காடுகளில் படமாக்கப்பட்டும்கூட, நம்மவர் கதை இல்லை. பார்க்கிறவர்களுக்குப் பிரிட்டிஷ் கைதிகள் மட்டுமே பாதை போட்டதாகத் தோன்றும். ஆண்டர்சனுக்காவது அவர் குரல் பதிந்த தட்டு எஞ்சியது. நம்மவர் பாடிய ஒப்பாரியும் தாலாட்டும் எந்தத் தட்டிலும் ஏறவில்லை. ‘ஜப்பான்காரன் காலத்து’ப் பாட்டு என்று சொல்லி, சயாமுக்குப் போய்த் திரும்பாத தகப்பனைப் பற்றித் தாய் பாடியதை எங்கள் லயத்துப் பாட்டி ஒருவர் இன்றும் பாடுவார், மூன்றாம் அடிக்குமேல் அவருக்கு நினைவில்லை, உடன் பாடித் தொடர்வதற்கு அவர் வயதில் யாரும் இல்லை.

ஆகவே, தங்கள் ஞாயிறு பதிப்பில் இத்தகைய பாடல்களுக்கென ஒரு பகுதி ஒதுக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். பாட்டு முழுமையாகக் கிடைக்காவிட்டாலும் கிடைத்த அடிகளை அப்படியே, யாரும் செப்பனிடாமல் வெளியிட வேண்டும். பாடியவர் யாரிடம் கேட்டார், எந்தத் தோட்டம், சயாமுக்குப் போனவர் அவருக்கு என்ன உறவு என்பவற்றையும் உடன் அச்சிட்டால், அதே பாட்டின் மீதி அடிகளை அறிந்தவர் கெடாவிலோ ஜொகூரிலோ இருந்து எழுதக்கூடும். சுங்கை சிப்புட் வட்டாரத்துத் தோட்டங்களில் பதிவு செய்து அனுப்பும் பொறுப்பை எங்கள் வாசகர் வட்டம் ஏற்கும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியர்,
சுங்கை சிப்புட், பேராக்