குழப்பமில்லா

மக்ளே,

இதை உன் ஆபீஸ் விலாசத்துக்கு அனுப்புகிறேன். வேறு காரணம் இல்லை, பகலில் வீட்டில் ஆள் இருக்காது என்றுதான். கால்சியம் மாத்திரையை ஒழுங்காகப் போடு.

எனக்கு இப்போது மலையாளக் குறும்படம் பார்ப்பதுதான் வேலை. கல்லூரி நாளில் திருவனந்தபுரம் கைரளி தியேட்டருக்குக் குறும்பட விழா என்று என்னை இழுத்துக்கொண்டு போவாய், நான் ஏசியில் தூங்குவேன். இப்போது யூடியூபில் தூக்கமில்லாமல் பார்க்கிறேன். நான் பார்த்ததில் பாதி ஒரே கதை. கொச்சியில் ஒரு ஃபிளாட், இரண்டு பேர். யாரும் கை ஓங்குவதில்லை. அவன் அவளுடைய போனை வாங்கிப் பார்ப்பான், யாரிடம் இவ்வளவு நேரம் என்பான், அப்புறம் "ஸ்நேகம் கொண்டல்லே", அன்பினால்தானே, என்பான். அவள் பேச்சைக் குறைத்துக்கொண்டே போவாள். ஊரிலிருந்து அம்மா கூப்பிட்டால் "குழப்பமில்லா". நமக்குக் குழப்பம் வேறு, அவர்களுக்கு அது 'ஒன்றுமில்லை, நன்றாக இருக்கிறேன்'. நீயும் அதையேதான் சொல்கிறாய், தமிழில் கேட்டாலும். ஸ்பீக்கரில் மாப்பிள்ளை செருமுவது இங்கே கேட்கிறது.

நான் படத்தைத்தான் சொல்கிறேன்.

டீம் லீட் ஆனதைத் தெரு முழுக்கச் சொல்லியாயிற்று. உன் வாயால் கேட்டிருந்தால் இன்னும் சத்தமாகச் சொல்லியிருப்பேன். மாத்திரையை மறக்காதே.

2022-ல் வந்த 'ஃப்ரீடம் ஃபைட்' தொகுப்பில் ஜியோ பேபி எடுத்த படம் ஒன்று உண்டு. மறதி நோயோடு ஜோஜு ஜார்ஜ், வீட்டு வேலைக்கு வரும் ரோகிணி. கட்டியவளைவிட அவளிடம்தான் அவர் மனசு ஒட்டும். பாதியில் அப்பா வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். முடியும்வரை இரண்டு பேரும் வாய் திறக்கவில்லை.

தக்கலை வீட்டில் அந்த வருஷம் உனக்கு ஏழு வயது. "அப்பாவைச் சாப்பிட வரச் சொல்லு", "அம்மைகிட்டச் சாவி கேளு" என்று அடுக்களைக்கும் திண்ணைக்கும் உன்னை நடக்கவிட்டோம். பேசாமலேயே ஒரு வீட்டை நடத்தலாம் என்று அப்போதே பழகிக்கொண்டாய். என்னிடமிருந்துதான்.

போன ஓணத்துக்கு இரண்டு பெட்டியோடு வந்தாய். இரண்டு நாள் லீவுக்கு எதற்கு இரண்டு பெட்டி என்று கேட்க எனக்கு நாக்கு எழவில்லை. நேந்திரங்காய் சிப்ஸ் வறுத்துக் கட்டி, அனுசரித்துப் போ என்று ரயில் ஏற்றிவிட்டேன். இரண்டாவது பெட்டியை நீ திறக்கவே இல்லை, பார்த்தேன்.

பரசுராம் எக்ஸ்பிரஸில் ஏறினால் இருட்டியதும் நாகர்கோவில். எந்த நாள் என்றாலும் சரி. அப்பா ஸ்டேஷனுக்கு வருவார். அவரிடம் நானே சொல்லிவிட்டேன்.

அம்மா