முதலில் அவர்களுக்குப் போட்டுக் காட்டு

அன்புள்ள பாப்பாவுக்கு,

லண்டனில் குளிர் ஆரம்பித்துவிட்டதாமே, காதை மூடிக்கொண்டு போ. இங்கே சிங்கப்பூரில் வேலை செய்யும் வெளிநாட்டுத் தொழிலாளர்களைப் பற்றி நீ எடுத்து அனுப்பிய படத்தை அம்மாவும் நானும் ஒரே மூச்சில் பார்த்து முடித்தோம்.

அந்தச் சோற்றுப் பொட்டலக் காட்சி பிரமாதம். விடிவதற்குள் விடுதிக்கு வந்துவிட்ட சோறு, லாரியில் வெயிலோடு பயணம் போய், மத்தியானம்தான் பிரிபடுகிறது. அந்தத் தம்பி ரப்பர் பேண்டைக் கழற்றி, முதலில் முகர்ந்து பார்க்கிறார். அப்புறம்தான் கை வைக்கிறார். நீ ஒரு வார்த்தை பேசவில்லை, கேமராவையும் அசைக்கவில்லை. நம் புளோக்குக்குக் கீழே நாம் எத்தனையோ முறை தாண்டிப் போன ஆள்தான்.

நீ முதலில் படம் எடுத்தது அட்டைப்பெட்டி பொறுக்கும் பாட்டிகளை, பிறகு ஓரறை வாடகை வீடுகளை, இப்போது இவர்களை. இதிலெல்லாம் காசு எங்கே என்று உன் மாமா கேட்கிறார். கேட்கட்டும். 2020இல் விடுதிகளில் கொவிட் பரவியபோது ஊரே இவர்களைப் பற்றிப் பேசியது. அந்தப் பேச்சு அடங்கிய பிறகு படம் எடுக்க ஓர் ஆள் வேண்டாமா?

எனக்குக் கொஞ்சம் பயமும் உண்டு. நாட்டைவிட்டுப் போன அரசியல்காரர்களைப் பற்றி டான் பின் பின் எடுத்த ‘டு சிங்கப்பூர், வித் லவ்’ படத்தை 2014இல் இங்கே பொதுவில் திரையிட விடவில்லை. சனங்கள் பஸ் பிடித்து எல்லை தாண்டி மலேசியாவின் ஜொகூர் பாருவுக்குப் போய்ப் பார்த்தார்கள். உன் படத்தில் அந்த அளவு அரசியல் இல்லை. ஆனால் என் கவலை உன்னைப் பற்றியதல்ல, முகம் காட்டிய தம்பிகளைப் பற்றியது. அவர்களுடைய வேலை அனுமதி முதலாளி கையில் இருக்கிறது. ரத்து செய்து விமானம் ஏற்றிவிட்டால், ஏஜெண்டுக்குக் கொடுக்க வாங்கிய கடன் ஊரில் அப்படியே நிற்கும். படத்தில் வரச் சம்மதம் என்று கையெழுத்து போட்டுவிட்டார்களே என்று இருந்துவிடாதே. திரைப்பட விழாவுக்கு அனுப்பும் முன் அவர்களுக்குப் போட்டுக் காட்டு. யாராவது வேண்டாம் என்றால், எவ்வளவு நல்ல காட்சியானாலும் வெட்டிவிடு.

அவர்களுக்குப் போட்டுக் காட்டுவதை வார நாளில் ராத்திரி ஏழரைக்கு வைத்தால் ஒருவரும் வர முடியாது. பாதிப்பேர் ஓவர்டைமில் இருப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்துக்கு மேல் தேக்காப் பக்கம், அதுதான் லிட்டில் இந்தியாவில், வை. ஊருக்குப் பணம் அனுப்ப எப்படியும் வருவார்கள். ஆங்கில சப்டைட்டில் மட்டும் போதாது, தமிழும் வங்காளமும் வேண்டும். தமிழை நான் பார்த்துக்கொள்கிறேன். வங்காளத்துக்கு ஆள் இல்லையென்றால் சொல்லு. லெம்பு ரோட்டில் எனக்குத் தெரிந்த கடைக்காரர் ஒருவர் இருக்கிறார், கேட்டுப் பார்க்கிறேன்.

அன்புடன்,
அப்பா