பனி விலகிய பிறகு நீ போகும் வழி

அன்பு மகள் கயல்விழிக்கு,

அம்மா எழுதுவது. ஆகஸ்டில் உன் கப்பல் இரும்புத் தாது ஏற்ற மில்ன் துறைமுகத்துக்குப் போகிறது என்று அப்பா சொன்னார். உடனே அட்லஸை எடுத்துவிட்டேன். புவியியல் நடத்துகிறவளுக்கு, மகள் போகும் கடலைப் பார்க்காமல் இருப்பு கொள்ளுமா?

கனடாவின் பாஃபின் தீவுக்கும் அதன் வடக்கே ஒட்டிக் கிடக்கும் பைலாட் தீவுக்கும் நடுவே இருப்பதுதான் எக்லிப்ஸ் நீரிணை. கிழக்கிலிருந்து நுழையும்போது இடப்பக்கம் ஆர்க்டிக் பழங்குடிகளான இனுயிட் மக்களின் ஊரான பாண்ட் இன்லெட், வலப்பக்கம் பைலாட் தீவின் பனியாறுகள். மேற்கே போய்த் தெற்கே திரும்பினால் மில்ன் நுழைகுடா. அதன் கோடியில் உன் துறைமுகம்.

அட்லஸ் இதை எப்போதும் நீலமாகவே காட்டுகிறது. அதுதான் எனக்கு உறுத்துகிறது. கப்பல்களுக்கு அது ஜூலைக் கடைசி முதல் அக்டோபர் வரை மட்டுமே கடல். மற்ற மாதங்களில் பெரும்பாலும் அது கரையோடு சேர்ந்து உறைந்து, இனுயிட் மக்களின் நெடுஞ்சாலையாகவும் வேட்டைக்களமாகவும் இருக்கிறது. ஸ்னோமொபைல் என்ற பனியில் ஓடும் மோட்டார் வண்டிக்குப் பின்னால் கமுட்டிக் என்ற நீண்ட சறுக்குவண்டியை இழுத்துப் போவார்கள். அதன் குறுக்குச் சட்டங்களை ஆணி அடித்துப் பொருத்துவதில்லை, கயிற்றால் வரிந்து கட்டுகிறார்கள். மேடுபள்ளமான பனியில் வண்டி உடையாமல் நெளிந்துகொடுக்க வேண்டுமே! ஜூனில், இரவிலும் சூரியன் மறையாத வெளிச்சத்தில், உறைந்த கடல் முடிந்து திறந்த கடல் தொடங்கும் விளிம்பில் நர்வால் திமிங்கிலங்களுக்காகக் காத்திருப்பார்கள். பனி வெடிக்க வெடிக்க, விரிசல்களில் தலைதூக்கி மூச்சுவிட்டபடி அவை உள்ளே வரும். கோடை முழுவதும் குட்டிகளோடு அங்கேயே தங்கும்.

அதே கோடையில்தான் நீங்களும் வருகிறீர்கள். 2016 விமானக் கணக்கெடுப்பில் சுமார் 12,000 நர்வால்கள் இருந்தன. 2021இல் 3,000கூடத் தேறவில்லை. கப்பல் இரைச்சல்தான் விரட்டுகிறது என்கிறார்கள் வேட்டைக்காரர்கள். வேறு காரணம் சொல்பவர்களும் உண்டு. தலைமுறை தலைமுறையாக அந்த நீரைப் பார்த்து வாழ்கிறவர்கள் சொல்வதையே நான் நம்புகிறேன். 2021 பிப்ரவரிக் குளிரில் அவர்களில் சிலர், தாது வெட்டும் சுரங்கத்தின் விரிவாக்கத்தை எதிர்த்து, அதன் விமான ஓடுதளத்தையும் சாலையையும் மறித்தார்கள். ஆண்டு ஏற்றுமதியை 60 லட்சம் டன்னிலிருந்து 1.2 கோடி டன்னாக உயர்த்தும் அந்த விரிவாக்கத் திட்டத்தை 2022 நவம்பரில் கனடா அரசு நிராகரித்தது.

வேலையை விட்டுவிடு என்று சொல்ல வரவில்லை, கண்ணு. பாடுபட்டுப் படித்து வாங்கிய வேலை அது. அந்த நீரிணையில் தாதுக் கப்பல்களுக்கு மணிக்கு 9 கடல்மைல் என்று வேக வரம்பு வைத்திருக்கிறார்கள். உன் பணி நேரத்தில் அதைக் கொஞ்சமும் தாண்டாதே. நேரமாகிறது என்று யார் அவசரப்படுத்தினாலும் கேப்டனிடம் எடுத்துச் சொல். வேட்டைக்கு வந்த சிறு படகுகள் கரையோரம் இருக்கும். ரேடாரை மட்டும் நம்பாமல் கண்ணாலும் தேடு.

பைலாட் மலைகளைப் படம் எடுத்து அனுப்பு. மிதக்கும் பனி எங்கெங்கே மிச்சம் இருந்தது என்று தேதியோடு எழுது. என் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும். கம்பளிக் காலுறை போதுமா என்று அப்பா கேட்கிறார்.

அன்புடன்,
அம்மா