வாசிப்பு வட்டத்தின் ஆண்டறிக்கை, 2024–25

தலைவர் அவர்களுக்கும், துணைத்தலைவர், பொருளாளர் ஆகியோருக்கும், வந்திருக்கும் உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம். 2024–25ஆம் ஆண்டுக்கான செயலாளர் அறிக்கையைப் பொதுக்குழுவின் முன் வைக்கிறேன்.

வழக்கமான சங்கதிகளை முதலில் முடித்துவிடுகிறேன். மாதக் கூட்டங்கள், ஐப்பசி மழையில் தள்ளிப்போனதைத் தவிர, ஒழுங்காக நடந்தன. நாம் கூடிவந்த மண்டபத்தில் முன்னறிவிப்பு இல்லாமல் வாடகையை ஏற்றிவிட்டார்கள். அதனால் ஆடியிலிருந்து உறுப்பினர் ஒருவரின் மொட்டை மாடிக்கு மாறினோம். மண்டபத்தைவிட அங்கே காற்றும் நன்றாக இருக்கிறது, காப்பியும் நன்றாக இருக்கிறது என்பது பொதுவான கருத்து. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார்.

ஆண்டு முழுக்க ஒரே மனிதரை எடுத்துக்கொண்டு படிப்பது என்று சென்ற பொதுக்குழுவில் முடிவெடுத்தோம். 15ஆம் நூற்றாண்டு இத்தாலியில் இசை, கணக்கு, வானியல் பற்றி எழுதிய புரோஸ்தோச்சிமோ தே பெல்தோமாந்தி என்று பெயரைச் சொன்னதும் கூட்டத்தில் எழுந்த சிரிப்பு எனக்கு நினைவிருக்கிறது. கலிலியோ, கெப்ளர் என்று நாலு பேருக்குத் தெரிந்தவரை எடுத்திருக்கலாமே என்றும் சிலர் குறைப்பட்டார்கள். தெரிந்தவரைப் படிக்க வட்டம் எதற்கு என்பது செயற்குழுவின் பதில்.

ஆளின் ஊர் மட்டும் நமக்குப் பழக்கமானதுதான். நம் ஊர்ப் பக்கம் கோடி அற்புதர் பதுவை அந்தோணியார் என்கிறோமே, அதே பதுவை. இத்தாலியில் வெனிசுக்குப் பக்கத்தில் உள்ள பல்கலைக்கழக நகரம். புரோஸ்தோச்சிமோ அங்கேயே படித்து, 1409இல் கலைப் பிரிவில் முனைவர் பட்டம் பெற்றவர். மருத்துவமும் பயின்றார். இசை பற்றி 1404 முதல் 1425 வரை எட்டு நூல்கள் எழுதினார். அவற்றில் மூன்று 1412 என்ற ஒரே ஆண்டில் வந்தவை. நடுவே கணக்குக்கு ஒரு நூல், வானியலுக்குச் சில. 1422இலிருந்து 1428இல் இறக்கும்வரை பதுவைப் பல்கலைக்கழகத்தில் ஆசிரியர்.

முதல் கூட்டம் பெயர்களுக்கே போய்விட்டது. அதில் தவறில்லை, சுவாரசியமே அங்கேதான் இருந்தது. பதுவையின் முதல் ஆயராகப் போற்றப்படுபவர் புனித புரோஸ்தோச்சிமோ. புனித பேதுருவின் சீடர் என்பது மரபு. ஜுஸ்தினா ஆலயத்தை ஒட்டி 6ஆம் நூற்றாண்டுச் சிற்றாலயம் ஒன்று அவர் பெயரில் இன்றும் இருக்கிறது. நவம்பர் 7 அவர் திருநாள். கிரேக்கத்தில் அந்தப் பெயருக்கு ‘எதிர்பார்க்கப்பட்டவர்’ என்று பொருள். நெல்லையப்பன் என்றால் எந்த ஊர் என்று நாம் கேட்பதில்லை அல்லவா? புரோஸ்தோச்சிமோ என்ற பெயரும் அப்படித்தான், ஊரைக் கையோடு கொண்டுவரும்.

அதே ஊரில் ஜாக்கோப்போ தோந்தி என்ற மருத்துவர் 1344இல் கோபுரக் கடிகாரம் அமைத்தார். அவர் மகன் ஜொவான்னி, கோள்களின் ஓட்டத்தைக் காட்டும் இயந்திரம் ஒன்றை 1364இல் செய்து முடித்தார். குடும்பத்துக்கே ‘தெல் ஒரோலோஜோ’, அதாவது கடிகாரத்தார், என்று பெயர் நின்றுவிட்டது. புரோஸ்தோச்சிமோ காலத்தில் பதுவைப் பேராலயத்தில் பாடகராக இருந்த இசையமைப்பாளர் சிக்கோனியாவின் பெயருக்கு லத்தீனில் நாரை என்று பொருள். அப்புறம் கணக்கு நூலின் தலைப்பான ‘அல்கோரிஸ்முஸ்’. 9ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் இருந்த கணித அறிஞர் அல்-குவாரிஸ்மியின் பெயர் லத்தீன்காரர் நாவில் உருண்டு இப்படி ஆயிற்று. அவருடைய பெயரோ மத்திய ஆசியாவின் குவாரிஸ்ம் என்ற பகுதியிலிருந்து வந்தது. இன்று கைப்பேசி வைத்திருக்கும் பிள்ளைகள் எல்லாரும் சொல்லும் அல்காரிதம் என்ற சொல், வழியில் இன்னும் கொஞ்சம் உருமாறிய அதே பெயர்தான்.

கணக்குக் கூட்டம் எனக்கு மிகவும் பிடித்தது. 1410இல் எழுதிய அந்த நூல், அவர் இறந்து பல ஆண்டுகள் கழித்து 1483இல் பதுவையிலேயே அச்சேறியது. அவர் காலத்து வழக்கப்படி கணக்குப் போடுபவர் சிலேட்டு வைத்துக்கொண்டு, இலக்கங்களை அழித்து அழித்து மேலே போவார். விடை வந்துவிடும். ஆனால் நடுவில் எங்கே பிசகியது என்று திரும்பிப் பார்க்க வழி இருக்காது. இந்த அழிக்கும் பழக்கத்தின் மேல் புரோஸ்தோச்சிமோவுக்கு இருந்த எரிச்சல் முன்னுரையிலேயே தெரிகிறது. எதையும் அழிக்காமல் போடும் முறைகளைத் தருவதுதான் அவர் நோக்கம். அதில் ஒன்று கட்டப் பெருக்கல்.

27ஐ 36ஆல் பெருக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். இரண்டுக்கு இரண்டு கட்டம் வரைந்து, ஒவ்வொரு கட்டத்தையும் மூலைக்கோடு போட்டுப் பிரிக்கிறோம். மேலே 2, 7. வலப்பக்கம் 3, 6. மேல் வரிசைக் கட்டங்களில் 06, 21. கீழ் வரிசையில் 12, 42. பத்துகள் கோட்டுக்கு மேலே, ஒன்றுகள் கீழே. இனி சாய்வாகக் கூட்டினால் போதும். வலக் கீழ் மூலையில் 2. அடுத்த சாய்வில் 4, 2, 1 சேர்ந்து 7. அதற்கடுத்து 1, 6, 2 சேர்ந்து 9. விடை 972. போட்ட இலக்கம் அத்தனையும் தாளில் அப்படியே நிற்கிறது. நம் பொருளாளர் இதைப் பார்த்துவிட்டு, பேரேட்டில் வெள்ளை மை தடவக் கூடாது என்று தான் இத்தனை காலம் சொல்லிவந்ததற்கு ஆதாரம் கிடைத்துவிட்டது என்றார்.

இசைக் கூட்டத்துக்கு ஒரு மரப்பெட்டியில் ஒற்றைத் தந்தி கட்டி எடுத்து வந்தார்கள். தச்சு வேலை தெரிந்த உறுப்பினருக்கு நன்றி. 1413இல் புரோஸ்தோச்சிமோ எழுதிய சிறு நூல், இப்படி ஒற்றைத் தந்தியை எப்படிப் பகுப்பது என்பதைப் பற்றியதுதான். தந்தி 90 சென்டிமீட்டர் என்றால் 45இல் மேல் சட்ஜம், 60இல் பஞ்சமம், 67.5இல் மத்திமம், 80இல் ஒரு முழு ஸ்வரம் ஏறிய இடம். இதுவரை எல்லாருக்கும் புரிந்தது. அடிப்படை ஸ்வரத்துக்கும் 80க்கும் நடுவே ஒரு ஸ்வரம் வேண்டும் என்றால் எங்கே நிறுத்துவது? அவர் கணக்கில் அதற்கு இரண்டு இடம். மேலிருந்து இறக்கினால் சுமார் 85.4, கீழிருந்து ஏற்றினால் சுமார் 84.3. பியானோவில் இரண்டுக்கும் ஒரே கறுப்புக் கட்டைதான். தந்தியிலோ ஒரு சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் கூடுதலான வித்தியாசம். காதிலும் நன்றாகவே கேட்டது. இரண்டையும் அவர் வைத்துக்கொண்டார். ஆகவே ஏழு ஸ்வரங்கள், இறக்கியவை ஐந்து, ஏற்றியவை ஐந்து என்று ஒரு ஸ்தாயிக்குப் பதினேழு.

நம் 22 சுருதிக்கும் இதற்கும் உறவு உண்டா என்று கேட்டவருக்குச் சுருக்கமான பதில்: இவர் வழி பித்தகோரஸ் வழியில் வந்த பஞ்சம அடுக்கு, அதாவது பஞ்சமத்தின் மேல் பஞ்சமமாக அடுக்கி ஸ்வரங்களைப் பெறுவது; தன்னளவில் முழுமையான கணக்கு. உறவு தேடி இழுக்கத் தேவையில்லை.

இதே ஊர்க்காரர் மார்க்கெத்தோ, ஒரு நூற்றாண்டு முன்னால், முழு ஸ்வரத்தை ஐந்து பாகமாகப் பிரித்து எழுதியிருந்தார். பாடகர்களிடம் அது செல்வாக்காக இருந்தது. முழு ஸ்வரத்தின் 9க்கு 8 என்ற விகிதத்தை (90க்கு 80) சம பாகமாக எண்களால் உடைக்க முடியாது என்பது புரோஸ்தோச்சிமோவின் வாதம். 1425 நூலில் மார்க்கெத்தோவை விடாமல் துவைக்கிறார்: பாட்டு தெரிந்த ஆள், கோட்பாடு தெரியாத ஆள் என்கிறார். இந்தச் சண்டையில் என் மனம் பாதி மார்க்கெத்தோ பக்கமும் போகிறது. பாடுகிறவன் காதில் விழுந்ததைத்தானே அவர் அளக்கப் பார்த்தார்? ஆனால் புரோஸ்தோச்சிமோவும் வெறும் ஏட்டுச் சுரைக்காய் இல்லை. இத்தாலியர் தம் சொந்த இசைக்குறியீட்டை விட்டுப் பிரெஞ்சுக் குறியீட்டுக்குத் தாவுகிறார்களே என்று வருந்தி, அதற்காகவே ஒரு நூல் எழுதியவர். பயனில்லை. இத்தாலியக் குறியீடு சீக்கிரமே வழக்கொழிந்தது.

ஜோதிடக் கூட்டம்தான் கொஞ்சம் சூடானது. வட்டம் ஜோதிடத்தைப் பரப்புகிறதா என்று எழுத்து மூலம் ஆட்சேபம் வந்தது. செயற்குழுவின் விளக்கத்தை இங்கே பதிவு செய்கிறேன். அன்றைய பதுவையில் மருத்துவம் படிப்பவர் ஜோதிடமும் படித்தாக வேண்டும். இரத்தம் எடுக்கக்கூடச் சந்திரன் நிலையைப் பார்த்துத்தான் நாள் குறிப்பார்கள். கோள் நிலையைக் கணிக்க வானியல் வேண்டும், வானியலுக்குக் கணக்கு வேண்டும். ஆகவே ஒரே ஆசிரியர் எல்லாவற்றையும் நடத்தினார். ஊரின் பெரிய மண்டபமான ராஜோனே மாளிகையின் சுவர் முழுக்க ராசியும் கோளுமாக ஓவியம் இருந்தது. 1420 தீவிபத்தில் அது அழிந்ததும், ஊரார் திரும்பவும் ராசிகளையே தீட்டவைத்தார்கள். சாக்ரோபோஸ்கோ என்ற 13ஆம் நூற்றாண்டு அறிஞரின் வானியல் பாடநூலுக்குப் புரோஸ்தோச்சிமோ எழுதிய உரை 1531இல் வெனிசில் அச்சானது. இதையெல்லாம் படிப்பது வரலாறு. உறுப்பினர்களின் ஜாதகம் எதையும் வட்டம் பார்க்கவில்லை. கூட்டம் முடிந்தபின் மாடிப்படியில் யாராவது பார்த்திருந்தால் அதற்குச் செயற்குழு பொறுப்பல்ல.

இனி தீர்மானங்கள். ஒற்றைத் தந்திப் பெட்டியை வட்டத்தின் உடைமையாகப் பதிவு செய்து நூலக அலமாரியில் வைப்பது. இரவல் வாங்க விரும்புவோர் கையெழுத்திட்டு எடுத்துச் செல்லலாம். தந்தி அறுந்தால் எடுத்தவரே மாற்றித் தர வேண்டும். அடுத்த ஆண்டுக்குச் சிக்கோனியாவை எடுக்கலாம் என்று ஒரு தரப்பும், 16ஆம் நூற்றாண்டு இத்தாலியக் கணித அறிஞர் கார்தானோவை எடுக்கலாம் என்று இன்னொரு தரப்பும் முன்மொழிந்துள்ளன. கைதூக்கி முடிவு செய்வோம். சந்தா பாக்கி உள்ளவர்களின் பெயரை வாசிக்க வேண்டாம் என்று தலைவர் கேட்டுக்கொண்டதால் வாசிக்கவில்லை. பட்டியல் பொருளாளரிடம் இருக்கிறது.

மாடியைத் திறந்துவிட்ட குடும்பத்தாருக்கும், தாள்களை நகலெடுத்துத் தந்தவர்களுக்கும், ஆட்சேபத்தைப் பெயர் போட்டு எழுதிய உறுப்பினருக்கும் நன்றி. அறிக்கையை ஏற்றுக்கொள்ளுமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்